காற்றுக்குத் தாழ்ப்பாள்

இந்தப் பூமியில் காதல் மூன்று முறை அழியப் பார்த்தது. முதல் இரண்டு முறை அதைக் காப்பாற்றியவர்கள் யார் என்று வரலாறு குறித்து வைக்கவில்லை. வரலாற்றுக்கு அந்தக் காலத்தில் விளம்பரப் பிரிவு கிடையாது. மூன்றாவது முறை காப்பாற்றியவர் எங்கள் கம்பெனி முதலாளி திருவாளர் ஹர்கிஷன் தல்ரேஜா சாஹேப். அவருக்கு விளம்பரப் பிரிவு உண்டு. அது நான்தான்.

எங்கள் கம்பெனி தயாரித்த 'ஹவா சஜ்னா' (காற்றுக் காதலன்) என்ற இந்திப் படத்துக்காக, 'காதலுக்கு ஆற்றிய வாழ்நாள் தொண்டு' விருது சென்ற மாதம் சாஹேபுக்கு வழங்கப்பட்டது. அதையொட்டி வரும் மலரில் படம் உருவான வரலாற்றை எழுதும் பெரும் பேறு எனக்கு வாய்த்தது. "உள்ளது உள்ளபடி எழுதுப்பா. ஆனா பாத்து எழுது" என்று சாஹேப் பணித்தார். அப்படியே செய்கிறேன். நடந்ததையெல்லாம் நான் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன்.

கதை, ராஜஸ்தான் மணற்காட்டில் கேராசர் பக்கம் வழங்கும் நாடோடிக் கதை. கோடை மதியத்தில் அங்கே சுழற்காற்று எழும். அதற்குள் ஏதோ ஒன்று குடியிருப்பதாக எல்லோருக்கும் நம்பிக்கை. அது வரும்போது பெண்கள் முக்காட்டை முகத்துக்கு இழுத்துவிட்டுக்கொண்டு திரும்பி நிற்பார்கள். ஒருத்தி மட்டும் முக்காட்டைத் தூக்கிப் பார்த்தாள். காற்று நின்றுவிட்டது. மறுநாளும் வந்தது. அப்புறம் அது வேறு தெருவுக்குப் போவதே இல்லை. வீட்டார் அவளை ஓர் அறையில் உட்கார வைத்து, உள்பக்கம் தாழ்ப்பாள் போட்டு, சுற்றிலும் தாங்களும் உட்கார்ந்துகொண்டார்கள். காற்று வெளியே சுற்றிச் சுற்றி வந்தது. கதவை உடைக்கவில்லை, தட்டக்கூட இல்லை. அவள்தான் எழுந்தாள். அப்பன், அண்ணன்மார், மாமன் அத்தனை பேரும் பார்த்துக்கொண்டிருக்கத் தாழ்ப்பாளை நீக்கினாள், போனாள். அவ்வளவுதான். சொல்லி முடிப்பதற்குள் டீ ஆறாது.

இவ்வளவு சின்னக் கதையில் இத்தனை பிழைகள் இருக்க முடியும் என்று எங்களுக்கு முதலில் தெரியவில்லை. அவற்றைக் களைய அந்தேரி அலுவலகத்தில் ஒரு மழைக்காலம் முழுக்கக் கூட்டம் நடந்தது. முதல் பிழையைச் சாஹேபே கண்டுபிடித்தார்.

"பொண்ணே தாழ்ப்பாளைத் திறந்துட்டுப் போறான்னா, ஹீரோ எதுக்கு?"

"அதுதான் பாபுஜி கதையே" என்றார் இயக்குநர் நிகில். லண்டனில் சினிமா படித்தவர். சாஹேபின் மகளை மணந்த பிறகு இயக்குநர் ஆனவர்.

"கதையே அதுன்னா கதையை மாத்து. தாழ்ப்பாளை வெளிய வை. வெளிய இருந்தாத்தானே இவன் வந்து உடைக்க முடியும்? அவ உள்ள உக்காந்து அழட்டும். அழுதா ஒரு பாட்டு வரும்."

இப்படியாக, எத்தனையோ தலைமுறையாக உள்பக்கம் இருந்த தாழ்ப்பாள் ஒரே மதியத்தில் வெளிப்பக்கம் வந்தது. கம்பெனியின் கலைச் சேவைகளில் இதுவே தலையாயது. வாசகர்கள் இதை ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டும்.

அடுத்து, காற்றாக நடிக்க வந்த நாயகர் ஒரு தத்துவச் சிக்கலை எழுப்பினார். காற்றுக்கு உருவம் இல்லையென்றால் அவருடைய உடம்பு எங்கே தெரியும்?

"ஒரு காத்து ஜிம்முக்குப் போகக் கூடாதுன்னு எங்கயாவது எழுதியிருக்கா?" என்று கேட்டார்.

எங்கும் எழுதியிருக்கவில்லை. எனவே காற்று சட்டையைக் கழற்றியது.

கேராசருக்குப் போய் இறங்கியதும் இரண்டாவது மாநாடு கூடியது. அங்கே பெரிய ஹவேலி, அதாவது பழைய மாளிகை, பூர்மல்ஜிக்குச் சொந்தம். சமாஜம் என்கிற ஜாதிச் சங்கத்தின் தலைவரும் அவரே. மீசையைப் பார்த்தாலே படப்பிடிப்பு அனுமதி யார் கையில் இருக்கிறது என்று புரிந்துவிடும். கூடத்தில் ஊர்ப் பெரியவர்கள் தலைப்பாகைகளுடன் வரிசையாக அமர்ந்தார்கள்.

"படத்துல பொண்ணு எந்த சமாஜ்?" என்று பூர்மல்ஜி ஆரம்பித்தார்.

"உங்க சமாஜ்தான்" என்றார் நிகில்.

"நல்லது. காத்து?"

"காத்து... காத்துதான்."

"காத்துதான்னா? எங்க வீட்டுப் பொண்ணைக் கூட்டிட்டுப் போறவன் எந்தக் குலம், எந்தக் கோத்திரம்னு தெரிய வேண்டாமா? நாளைக்கு எவனாவது நாலு பேர் முன்னாடி கேட்டா நான் என்ன சொல்றது? காத்தோட போயிட்டாள்னா?"

பெரியவர் ஒருவர் கனைத்துக்கொண்டு, "அந்தக் காத்து எந்தப் பக்கத்துலேர்ந்து வருது?" என்றார்.

"மேக்கேர்ந்து" என்றார் நிகில். கோடையில் அங்கே காற்று வேறு எங்கிருந்தும் வராது.

பூர்மல்ஜி தணிந்த குரலில் கேட்டார்: "மேக்கே என்ன இருக்கு தெரியுமா தம்பி? பார்டர் இருக்கு."

சாஹேபுக்கு வேர்த்துவிட்டது. "அடப்பாவி, பாகிஸ்தான் காத்தையா ஹீரோவா போட்டிருக்கே? தியேட்டரைக் கொளுத்திடுவானுங்களே!" என்று மருமகன் மேல் பாய்ந்தார்.

இரண்டு சுற்று டீயும் ஒரு சுற்றுக் கச்சோரியும் முடிவதற்குள் தீர்மானம் நிறைவேறியது. காற்று கிழக்கே, ஜெய்ப்பூர்ப் பக்கத்திலிருந்து வரும். அது பிறவிக் காற்று அன்று. நல்ல குடும்பத்துப் பையன், முனிவர் சாபத்தால் காற்றானவன். பெண்ணும் அவனும் ஒரே சமாஜ், கோத்திரம் மட்டும் வேறு. ஜாதகமும் பொருந்துவதாக ஒரு வசனம் சேர்க்கப்பட்டது. 'எல்லை கடந்த காதல்' என்று அன்றே நான் விளம்பர வாசகம் எழுதினேன்.

தீர்மானத்தை உடனே செயல்படுத்தினோம். மேற்கே ஒட்டகங்கள் கட்டிய இடத்தில் நின்றிருந்த காற்று மெஷினைக் கிழக்கே, ஹவேலிச் சுவர் ஓரமாகக் கொண்டுவந்தோம். ஆள் உயர விசிறி அது. முன்னால் மணலைக் கொட்டி முடுக்கினால் புயல். அதை ஓட்டியவன் ராம்லகன், கிழக்கே உத்தரப் பிரதேசத்துப் பல்லியா மாவட்டத்துப் பையன். உண்மையில் எங்கள் கதாநாயகன் என்பது அந்த விசிறியும் மணலும் ராம்லகனும்தான். உடம்பு மட்டும் நாயகருடையது.

பூர்மல்ஜியின் இன்னொரு நிபந்தனை முக்காடு பற்றியது. நாயகி தானியா மேடம் அதைப் போட்டுக்கொண்டு நின்றதைப் பார்த்து அவருக்கு முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது.

"இது என்ன, மழைக்கு ஒதுங்கினவ மாதிரி? எங்க வீட்டுப் பொண்ணு இப்படியா போடுவா?"

போடக் கற்றுக்கொடுக்கத் தன் வீட்டிலிருந்தே ஒரு பெண்ணை அனுப்பினார். காலமான தம்பியின் மகள் சுகனா, இருபத்திரண்டு வயது. அவள் வந்த அன்றே இன்னொன்றும் தெரிந்தது. காற்றின் காதலியாக நடிக்க ஒப்பந்தமான தானியா மேடத்துக்குத் தூசி ஒத்துக்கொள்ளாது. மெஷின் சுற்றினால் மூக்கு வீங்கிவிடும். ஆகவே காற்றுக் காட்சிகளில் மேடத்துக்குப் பதிலாக முக்காட்டுக்குள் சுகனாவே நிற்கலாம் என்று நிகில் கெஞ்சினார். பூர்மல்ஜி தீர யோசித்துச் சம்மதித்தார்.

"முகம் தெரியாதில்ல? முகம் தெரியாத வரைக்கும் மானம் எங்கயும் போகாது."

படப் பூஜை நடந்தது. தேங்காய் உடைத்ததும் சாஹேப் ஒலிபெருக்கியைப் பிடித்தார். "காதல்தான் கடவுள். ஜாதி என்ன, பணம் என்ன? காதலிக்கிறவங்க யார் வந்து தட்டினாலும் இந்த ஹர்கிஷன் வீட்டுக் கதவு திறந்தே இருக்கும்!" என்று முழங்கினார். திறந்திருக்கும் கதவை எதற்குத் தட்ட வேண்டும் என்று யாரும் கேட்கவில்லை. பூர்மல்ஜிதான் முதலில் கைதட்டினார். கூட்டத்தின் ஓரத்தில், முக்காட்டுக்குள் நின்றிருந்த சுகனாவும் தட்டினாள். வித்தியாசம் என்னவென்றால், அவள் அதை நம்பிவிட்டாள்.

மெஷின் சுற்றும்போது படப்பிடிப்புக் குழு முழுவதும் கண்ணாடி மாட்டிக்கொள்ளும், இல்லாவிட்டால் திரும்பி நிற்கும். சாஹேப் எப்போதும் குளிர்சாதன வேனுக்குள் உட்கார்ந்து மானிட்டரில்தான் பார்ப்பார். ஆகையால் ஒவ்வொரு முறை புயல் எழுந்தபோதும் சுகனா முக்காட்டைத் தூக்கி மெஷின் பக்கம் பார்த்ததை யாரும் கவனிக்கவில்லை. மெஷினுக்குப் பின்னால் இருந்தவன் கவனித்தான். ஷாட்டுக்கும் ஷாட்டுக்கும் நடுவே அவள் காத்திருந்த இடமும் அதே கிழக்குச் சுவர்தான். அங்கே நான் டீ குடிக்கப் போவேன், பேச்சு காதில் விழும்.

"ஏ காத்துக்காரா, இன்னிக்கு என்ன இவ்வளவு மெதுவா வீசுற? ரொட்டி திங்கலையா?"

"நீங்க முக்காட்டைத் தூக்குற வரைக்கும் இவ்வளவுதான் பாய்சா" என்பான் ராம்லகன். பெரிய வீட்டுப் பெண்ணை அங்கே அப்படித்தான் மரியாதையாகக் கூப்பிடுவார்கள்.

"தூக்கினா?"

"தூக்கினா உங்க பெரியப்பா ஹவேலிக் கூரை போயிடும்."

"போகட்டும். உள்ள ஒரே புழுக்கம்."

எங்கள் வசன இலாகாவில் மூன்று பேர் சம்பளம் வாங்கிக்கொண்டு இருந்தார்கள். அவர்கள் எழுதியதில் இப்படி ஒரு வரி கிடையாது.

சுகனாவுக்கு மாப்பிள்ளை பார்த்தாகிவிட்டிருந்தது. சூரத்தில் சேலை மொத்த வியாபாரம், பூர்மல்ஜியின் கூட்டாளி, முதல் மனைவி இறந்து போனவர். ஆகா தீஜ் அன்று முகூர்த்தம். அந்தப் பக்கத்தில் நாள் பார்க்காமலே கல்யாணம் செய்யும் நாள் அது. அதற்கு முந்தின வாரம், மதியச் சாப்பாட்டு இடைவேளையில், சுகனாவும் ராம்லகனும் கைகோத்துக்கொண்டு சாஹேபின் வேன் வாசலில் வந்து நின்றார்கள். சாஹேப் நெய் வழியும் சூர்மா இனிப்பைக் கையால் உருட்டிக்கொண்டிருந்தார். நான் பக்கத்தில் இருந்தேன்.

"சாஹேப், பூஜையன்னிக்குச் சொன்னீங்களே, கதவு திறந்தே இருக்கும்னு" என்றாள் சுகனா. முக்காடு தோளில் கிடந்தது.

"எந்தக் கதவும்மா?"

"உங்க வீட்டுக் கதவு."

"அது பம்பாயில, வெர்சோவால இருக்கு மகளே."

"அவ்வளவு தூரம் வேண்டாம். ரயிலடி வரைக்கும் ஒரு ஜீப் குடுங்க, போதும். தீஜ் அன்னிக்கு என்னைச் சூரத்காரருக்குக் கட்டி வச்சிடுவாங்க. அதுக்கு முன்னாடி விஷயம் தெரிஞ்சா இவனை உயிரோட விடமாட்டாங்க. போன வருஷம் எங்க கிணத்துல ஒரு பையன் கிடந்தான். தவறி விழுந்துட்டான்னு ஊரே சொல்லுச்சு. அந்தக் கிணத்துக்கு இடுப்பளவு சுவர் இருக்கு சாஹேப், தவறி விழ முடியாது."

அவள் அழவில்லை, காலில் விழவில்லை. கேட்டாள், அவ்வளவுதான். சாஹேபுக்குக் கண் கலங்கிவிட்டது. அவருக்குக் கண் சீக்கிரம் கலங்கும். வருமான வரி அதிகாரி முன்னாலும் கலங்கியிருக்கிறது.

"நீ என் பொண்ணும்மா. இவன் என் பையன். வாங்க, ஜீப் வர்ற வரைக்கும் யார் கண்ணுலயும் படாம உக்காருங்க" என்று, கை கழுவக்கூட நில்லாமல், தானே அவர்களை அழைத்துப் போனார்.

அழைத்துப் போன இடம், கதாநாயகியைப் பூட்டி வைக்கும் அறை. ஹவேலியின் அசல் கதவைத் திறக்கவே இரண்டு ஆள் வேண்டும். அதை நாயகர் தோளால் உடைப்பது கடினம். அதனால் கலை இயக்குநர் பெரேரா கிழக்கே மணலில் தனியாக ஓர் அறை எழுப்பியிருந்தார். கதவு ஒட்டுப்பலகை, ஆனால் பார்த்தால் நூறு வருஷத்துத் தேக்கு. வெளிப்பக்கம் பளபளவென்று பித்தளைத் தாழ்ப்பாள். உள்ளே கட்டில், விளக்கு, இருட்டு. சாஹேப் மானிட்டரில் பார்த்து மெச்சிய அறை.

இருவரும் உள்ளே போனார்கள். சாஹேப் கதவைச் சாத்தித் தாழ்ப்பாளைப் போட்டார். அழுத்திப் பார்த்தார். பிறகு கைப்பேசியை எடுத்து, அந்த ஊர் முறையில் வணக்கம் வைத்தார்.

"பூர்மல்ஜி, கம்மா கணி! உங்க வீட்டுப் பொருள் ஒண்ணு நம்மகிட்ட இருக்கு. பத்திரமா, பூட்டி வச்சிருக்கேன். கூட அந்த மெஷின்காரப் பயலும் இருக்கான்... சேச்சே, எனக்கு என்ன வேணும்? நம்ம வீட்டு மானம் இது. ஹவேலில ஷூட்டிங் கொஞ்சம் பாக்கி இருக்கு, அதுக்கு மட்டும் மனசு வைங்க."

"சாஹேப், ஜீப் சொல்லலையே?" என்றேன்.

"வருதேப்பா. பூர்மல்ஜி ஜீப்."

வந்தது. பின்னாலேயே இன்னொன்றும் வந்தது. சமாஜத்துப் பெரியவர்கள் கனமான தடிகளுடன் ஒவ்வொருவராக இறங்கினார்கள். வந்தவர்களுக்கு நாற்காலி போட்டு டீ கொடுக்கச் சொன்னார் சாஹேப். உள்ளே இரண்டு உயிர் இருக்கிறது. வெளியே, சர்க்கரை போட்டதா போடாததா என்று கேட்டுக் கேட்டு டீ கொடுக்கிறார்கள். பூர்மல்ஜியின் டீயில் பாதியை நான் சாசரில் ஊற்றிவிட்டேன்.

"உள்ள என்ன அப்படிச் சத்தம்?" என்றார் பூர்மல்ஜி. அறைக்குப் பின்னாலிருந்து பெரும் இரைச்சல் கேட்டது.

"காத்து பூர்மல்ஜி. மணற்காட்டுல காத்தடிக்காதா?"

எல்லோரும் எழுந்து கதவை நெருங்கிய நேரத்தில் அந்தக் காற்று ஒரு வீச்சு வீசியது. முன்னால் நின்ற பெரியவரின் தலைப்பாகை பறந்து, அவிழ்ந்து, மணலில் ஒரு தெரு நீளத்துக்கு ஓடியது. அத்தனை பேரும் நின்றுவிட்டார்கள். வெறுந்தலையோடு மானப் பிரச்சினையில் கை வைக்க முடியாது. அது அங்கே வழக்கம். துணியைத் துரத்திப் பிடித்தார்கள். உதறினார்கள். ஒருவர் நுனியைப் பிடித்துக்கொள்ள, பெரியவர் சுற்ற ஆரம்பித்தார். பாதியில் மறுபடி காற்று. மறுபடி முதலிலிருந்து. பூர்மல்ஜி கையைப் பிசைந்துகொண்டு நின்றார், ஆனால் "சீக்கிரம்" என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஒருவர் தலைப்பாகை கட்டும்போது அவசரப்படுத்துவதும் மரியாதை அன்று.

கடைசியில் தலைப்பாகை நின்றது. பூர்மல்ஜி தாழ்ப்பாளை இழுத்துக் கதவைத் தள்ளினார்.

கட்டில் இருந்தது. விளக்கு இருந்தது. கட்டிலின் மேல் முக்காட்டுத் துணி ஒழுங்காக மடித்து வைக்கப்பட்டிருந்தது. அது காஸ்ட்யூம் பிரிவின் சொத்து. சுகனா நேர்மையான பெண். அதற்கு அப்பால், வெளிச்சத்தை மறைக்கத் தொங்கவிட்டிருந்த கறுப்புத் துணி ஒரு பக்கமாகத் தூக்கியிருந்தது. அதற்கும் அப்பால், அறைக் காட்சிக்காக அங்கே நகர்த்தியிருந்த ராம்லகனின் மெஷின், ஆளில்லாமல், முழு வேகத்தில் சுற்றிக்கொண்டிருந்தது. மெஷினுக்குப் பின்னால் ராஜஸ்தான் இருந்தது, அது முடியும் வரை. இரண்டு பேரின் காலடியும் அதில் தெரியவில்லை.

"சுவர் எங்க?" என்றார் பூர்மல்ஜி.

"டேய் நிகில், சுவர் எங்க?" என்றார் சாஹேப்.

"பாபுஜி, நாலு பக்கமும் சுவர் வச்சா கேமராவை எங்க வைக்கிறது?"

"உங்க கையாலதானே சார் மூணு சுவருக்குக் கையெழுத்துப் போட்டீங்க" என்றார் பெரேரா சாஹேபிடம்.

பூர்மல்ஜி கதவைப் பார்த்தார், தாழ்ப்பாளைப் பார்த்தார், சாஹேபைப் பார்த்தார். "பம்பாய்க்காரன் வீடு கட்டுற லட்சணம் இதுதானாய்யா? முன்னாடி இத்தாம் பெரிய தாழ்ப்பாள், பின்னாடி ஊரே திறந்து கிடக்கு!" பிறகுதான் முக்கியமான விஷயம் நினைவுக்கு வந்தது. "அந்தக் காத்துக்காரன் எந்த ஜாதி?"

விளம்பரப் பிரிவு என்ற முறையில் நான்தான் பதில் சொன்னேன். "தெரியலை பூர்மல்ஜி. ஆனா கிழக்கேர்ந்து வந்தவன்தான். சமாஜ் தீர்மானப்படி."

அன்று சாயங்காலமே எங்களை ஹவேலியை விட்டுக் கிளப்பினார்கள். போவதற்கு முன் சாஹேப் பூர்மல்ஜியைத் தனியே அழைத்து, ராம்லகனின் பல்லியா விலாசத்தை ஒரு தாளில் எழுதிக் கொடுத்தார். சமாதான முயற்சி. நல்ல வேளையாக அந்த இருவரும் பல்லியா பக்கமே போகவில்லை. மீதிப் படத்தைப் பம்பாயில் நாலு சுவருக்குள் எடுத்தோம். நாயகர் தோளால் மோதிக் கதவை உடைக்கும் காட்சியில் தியேட்டர் அதிர்ந்தது. சுகனாவும் பார்த்தாளாம். எங்கள் காஸ்ட்யூம் பிரிவு ஷைலா தாயிக்குப் போன் செய்தாள்.

"தாயி, அந்த ஆளு எதுக்கு அப்படிப் போட்டு முட்டுறாரு? பின்னாடி சுத்தி வந்தாப் போதுமே!" என்று விழுந்து விழுந்து சிரித்தாளாம். மெஷின்காரன் பக்கத்தில் உட்கார்ந்து பாப்கார்ன் தின்றுகொண்டிருந்தானாம். எந்த ஊர்த் தியேட்டர் என்பதை இங்கே எழுத மாட்டேன். மலரின் முதல் பிரதி சாஹேபுக்குப் போகும். அவர் கைப்பேசியில் பூர்மல்ஜியின் எண் இன்னும் இருக்கிறது.

விருது விழாவில் சாஹேப் தழுதழுத்த குரலில் சொன்னது எல்லாத் தொலைக்காட்சியிலும் வந்தது. "படப்பிடிப்புல ஒரு ஏழை ஜோடி என்கிட்ட அடைக்கலம் கேட்டாங்க. இதோ, இந்தக் கையாலதான் அவங்களுக்குக் கதவைத் திறந்துவிட்டேன்." அரங்கம் எழுந்து நின்று தட்டியது. அவர் உயர்த்திக் காட்டியது வலது கை, மரகத மோதிரம் போட்ட கை.

பார்த்து எழுதச் சொன்னார். பார்த்ததைத்தான் எழுதுகிறேன். கேராசர்க் கதையில் பெண்ணைப் பூட்டியவர்கள் காதல் பிடிக்காதவர்கள். அதை அவர்கள் மறைக்கவில்லை. தாழ்ப்பாளை உள்பக்கம் போட்டு, அவள் கைக்கு எட்டுகிற தூரத்தில் விட்டு, தாங்களும் உள்ளேயே உட்கார்ந்தார்கள். வெளிப்பக்கம் போட்டுவிட்டு டீ சொல்லும் வழக்கம் காதலைக் காப்பாற்ற வந்த எங்கள் கம்பெனியுடையது. அன்று தாழ்ப்பாளைப் போட்ட கையும் அந்த மரகத மோதிரக் கைதான். அதில் சூர்மா நெய் இன்னும் காயவில்லை.